நம் கரையின் செய்தியை யார் தீர்மானிக்கிறார்கள்? (விவாத இழை)

கடலோரத்தான், மண்டபம்

டிவியில் கீழே ஓடும் வரியில் ராமேஸ்வரம் என்று வந்தால் அடுத்து என்ன வரும் என்று நம் ஊர்ப் பிள்ளைகளுக்கே தெரியும். மீனவர்கள் கைது, படகு பறிமுதல், வேலைநிறுத்தம். இல்லையென்றால் அமாவாசைக் கூட்டம், தலைவர் வருகை. கைதுச் செய்தி வர வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. 2024-இல் மட்டும் 500-க்கும் மேற்பட்ட தமிழக மீனவர்களை இலங்கைக் கடற்படை பிடித்தது. அது வரத்தான் வேண்டும். என் கேள்வி வராத செய்திகளைப் பற்றியது.

2017 ஜூலை 27-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். கலாம் நினைவிடத் திறப்புக்கு வந்த பிரதமர் அன்றைக்கே ஆழ்கடல் மீன்பிடித் திட்டத்துக்கான அனுமதிக் கடிதங்களையும் கொடுத்தார். பாக் நீரிணையில் இழுவைமடி (கடலடியை வழித்து இழுக்கும் வலை) இழுக்கும் 2,000 விசைப்படகுகளை மாற்றிவிட்டு, தூண்டில், செவுள் வலை போட்டுச் சூரை பிடிக்கும் படகுகள் கொடுப்பதாகத் திட்டம். மொத்தம் 1,600 கோடி. ஒரு படகுக்கு 80 லட்சம், அதில் 70 சதவீதம் மானியம். அன்றைக்கு எத்தனை கேமரா! நேரலை, ஹெலிகாப்டர் காட்சி, சிறப்பு விவாதம் என்று ஒன்றும் பாக்கியில்லை. அந்தத் திட்டம் சொன்ன இலக்கின் பக்கம்கூடப் போகவில்லை. ஏன் போகவில்லை என்று அதே கேமராக்களில் எத்தனை திரும்பி வந்தன?

2025-இல் நம் ராமநாதபுரம் மாவட்டத்தில் 20 இடங்களில் ஹைட்ரோகார்பன் (எண்ணெய், எரிவாயு) சோதனைக் கிணறு தோண்ட மத்திய அரசின் எண்ணெய் நிறுவனமான ஓஎன்ஜிசி-க்கு மாநிலச் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு ஆணையம் அனுமதி கொடுத்தது. ஆகஸ்டில்தான் அது பரவலாக வெளியே தெரிந்தது. எதிர்ப்பு கிளம்பிய பிறகு, அனுமதியைத் திரும்பப் பெறச் சொல்லி மாநில அரசே ஆணையத்திடம் கேட்டுக்கொண்டது. நம் நிலத்தைப் பற்றிய காகிதம், நமக்குத் தெரியாமல் மாதக்கணக்கில் இருந்திருக்கிறது.

நிருபர்கள் சோம்பேறிகள் என்று நான் நினைக்கவில்லை. ஊடகத்தை வாங்கக்கூடியவர்களும் அதை மிரட்டக்கூடியவர்களும் நம்மைப் போன்ற ஊர்களில் வேறு பல வேலைகளும் வைத்திருக்கிறார்கள் என்பதுதான் விஷயம். கமுதியில் 648 மெகாவாட் சூரிய மின் நிலையம் 2016-இல் வந்தது, அதானி குழுமத்துடையது. 2022 டிசம்பரில் என்டிடிவி அதே குழுமத்தின் கைக்குப் போனது. நாளைக்கு கமுதி விவசாயி ஒருவருக்கு அந்த நிலையத்தைப் பற்றி ஏதாவது கேட்க வேண்டும் என்றால் அந்த டிவி எவ்வளவு தூரம் கூட வரும்? வரவே வராது என்று நான் தீர்ப்புச் சொல்லவில்லை. ஆனால் இப்படிக் கேட்க வேண்டிய நிலைக்கு வந்துவிட்டோம்.

இந்த வேலையின் உள்ளே இருந்தவர்கள் விவரமாக எழுதினால் நல்லது.

முன்னாள்_நிருபர்

நான் ஒரு நாளிதழுக்குத் தாலுகா நிருபராக இருந்தவன். எந்த இதழ் என்பது முக்கியமில்லை, எல்லா இடத்திலும் கதை ஒன்றுதான்.

தாலுகா நிருபர் சம்பளக்காரர் இல்லை, முதலில் அதைப் புரிந்துகொள்ள வேண்டும். அச்சான செய்தியை அளந்து பணம் கொடுப்பார்கள். மாதக் கடைசியில் வெட்டி ஒட்டி அனுப்ப வேண்டும். அந்தப் பணத்தில் பெட்ரோல் செலவுகூடக் கட்டாது. அப்படியானால் எப்படிப் பிழைப்பது? விளம்பரக் கமிஷனில். பொங்கல் மலர், தீபாவளி மலர், ஊர்த் திருவிழாச் சிறப்பிதழ் எதுவானாலும் நிருபர்தான் போய் விளம்பரம் பிடிக்க வேண்டும். மாவட்டத்தில் விளம்பரம் கொடுக்கிறவர்கள் யார்? ஐஸ் ஃபேக்டரி, இறால் ஏற்றுமதி செய்பவர், தனியார் பள்ளி, நகைக்கடை, கட்சிக்காரர். யாரைப் பற்றி எழுத வேண்டுமோ அவரிடமே கையேந்தி நிற்கும் வேலை அது.

ஒரு முறை கடலோரக் கிராமம் ஒன்றில் ஊருணியில் கெண்டையும் கெளுத்தியும் வெள்ளை வெள்ளையாக மிதந்தன. பக்கத்தில் இறால் பண்ணை. பண்ணையின் கழிவு வாய்க்கால் ஊருணியின் வரத்து வாய்க்காலோடு சேரும் இடத்தில் கால் வைத்தால் கறுப்புச் சேறு முழங்கால் வரை ஏறியது. பெண்கள் அந்தத் தண்ணீரைக் குடத்தில் மொண்டு காட்டினார்கள். படம் எடுத்தேன், பண்ணைக்காரரிடமும் பேட்டி எடுத்தேன், வருவாய்த் துறையிடமும் கேட்டேன். எல்லாம் சரியாக அனுப்பினேன். மறுநாள் வரவில்லை. அதற்கடுத்த நாள் விளம்பரப் பிரிவிலிருந்து போன்: “அந்தப் பார்ட்டி மலருக்குக் கால் பக்கம் பேசியிருக்கிறார், தெரியுமில்லையா?” ஆசிரியர் குழுவிலிருந்து யாரும் என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. செய்தி தப்பு என்று யாரும் சொல்லவும் இல்லை.

இத்தனைக்கும் 1996 டிசம்பரிலேயே கடலோர ஒழுங்குமுறை மண்டலத்துக்குள் இறால் பண்ணை கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. காந்தியவாதி ஜெகந்நாதன் போட்ட வழக்கு அது. பிறகு 2005-இல் கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம் வந்து பண்ணைகளுக்குப் பதிவு வழி திறந்தது. இந்தச் சட்டம் எதற்காக வந்தது, யாருக்கு லாபம் என்று நம் பக்கத்து மாவட்டப் பதிப்பு எதிலாவது தொடர்ச்சியாக வந்ததா? நான் இருந்த காலத்தில் வரவில்லை.

செய்தி_டெஸ்க்

சென்னையில் ஒரு செய்தி சேனலின் டெஸ்கில் இருக்கிறேன். முன்னாள் நிருபர் ஐயா சொன்னது உண்மை. எங்கள் பக்கத்துக் கதையையும் கேளுங்கள்.

கைதுச் செய்தி ஏன் இவ்வளவு வருகிறது என்றால், அது எங்களுக்குத் தயார் நிலையில் வந்து சேரும் செய்தி. காலையில் எண்ணிக்கை வந்துவிடும். மதியத்துக்குள் முதல்வர் வெளியுறவு அமைச்சருக்கு எழுதிய கடிதம் வரும். சாயங்காலம் எதிர்க்கட்சி அறிக்கை, மறுநாள் மீனவர் சங்க வேலைநிறுத்தம், அதற்கடுத்த நாள் இலங்கையின் ஊர்க்காவற்றுறை நீதிமன்றத்தில் காவல் நீட்டிப்பு. ஒவ்வொரு கட்டத்திலும் பேசுவதற்கு ஒரு பெரிய ஆள் இருக்கிறார். நாங்கள் ஒரு ரூபாய் செலவழிக்க வேண்டாம். ஆழ்கடல் திட்டம் ஏன் தோற்றது என்று எடுக்க வேண்டுமானால் ஒரு நிருபரும் கேமராமேனும் பத்து நாள் அங்கே தங்க வேண்டும். அந்தச் செலவுக்கு எந்த மேனேஜரும் கையெழுத்துப் போடமாட்டார்.

ரேட்டிங் இன்னொரு பக்கம். டிஆர்பி அளக்கும் மீட்டர் நாடு முழுவதற்கும் சில பத்தாயிரம் வீடுகளில்தான் இருக்கிறது. தங்கச்சிமடத்து வீட்டில் எதைப் பார்க்கிறார்கள் என்பது விளம்பரக்காரருக்குத் தேவையே இல்லை. சோப்பும் காரும் விற்கிற ஊர் எதுவோ அந்த ஊரின் மழைதான் பெரிய மழை.

அப்புறம் பயம். 2011-க்கும் 2016-க்கும் இடையில் தமிழக அரசு போட்ட அவதூறு வழக்குகள் 200-ஐத் தாண்டின. உச்ச நீதிமன்றமே அதைக் கண்டித்தது. 2025 பிப்ரவரியில் ஒரு கேலிச்சித்திரத்துக்காக விகடன் இணையதளத்தை மத்திய அரசு முடக்கியது. மார்ச்சில் சென்னை உயர் நீதிமன்றம் போன பிறகுதான், அந்தப் படத்தைத் தற்காலிகமாக எடுத்துவிட்டு, தளம் திரும்ப வந்தது. சென்னையும் டெல்லியும் எதிரெதிர் கட்சியாக இருக்கலாம், இந்த விஷயத்தில் இரண்டும் ஒரே மாதிரிதான்.

கேபிள்காரர், பரமக்குடி

எல்லோரும் சேனலைப் பற்றியே பேசுகிறீர்கள். வயரைப் பற்றி யாரும் பேசவில்லையே.

நான் கேபிள் தொழிலில் வெகுநாளாக இருக்கிறேன். 1993-இல் மாறன் குடும்பத்தின் சன் டிவி வந்தது. அதன் பிறகு அதே குடும்பத்தின் சுமங்கலி கேபிள் பெரிய நகரங்களில் வயரையும் கையில் வைத்திருந்தது. சேனலும் அவர்களுடையது, வீட்டுக்குள் போகிற குழாயும் அவர்களுடையது. 2007 மே 9-ஆம் தேதி மதுரையில் தினகரன் அலுவலகம் எரிக்கப்பட்டு மூன்று பேர் செத்தார்கள். கருணாநிதிக்கு அடுத்த வாரிசு யார் என்று அந்தப் பத்திரிகை ஒரு கருத்துக்கணிப்பு போட்டதற்காக! கருணாநிதி, மாறன் குடும்பங்கள் பிரிந்தன. அந்த ஆண்டே செப்டம்பரில் கலைஞர் டிவி, அக்டோபரில் அரசு கேபிள் டிவி நிறுவனம் பதிவு. இரண்டு குடும்பமும் மறுபடி சேர்ந்ததும் அரசு கேபிள் படுத்துவிட்டது. 2011-இல் ஆட்சி மாறியதும் மாதம் 70 ரூபாய் என்று மறுபடி எழுந்தது. ஜனங்களுக்கு அது லாபம்தான், நான் மறுக்கவில்லை. ஆனால் அன்றிலிருந்து எந்த சேனல் எத்தனையாவது எண்ணில் வரும் என்பது கோட்டையின் கையில்.

எண் என்றால் என்ன பெரிய விஷயம் என்று நினைக்காதீர்கள். செய்தி சேனல்களெல்லாம் வரிசையாக இருக்கிற இடத்திலிருந்து ஒன்றை மட்டும் எங்கோ பின்னால் தூக்கிப் போட்டால், ரிமோட்டில் மேலே கீழே தட்டுகிற வயதானவர்களுக்கு அந்த சேனல் செத்த மாதிரிதான். 2018-இல் புதிய தலைமுறை கோவையில் ஒரு விவாத நிகழ்ச்சி நடத்தியதற்காக சேனல் மீதே வழக்குப் போட்டார்கள். அந்த நேரத்தில் அரசு கேபிளில் அதன் எண்ணும் பின்னால் போனது. என் வீட்டுக்கு போன் மேல் போன், “அந்த சேனல் ஏன் வரவில்லை?” என்று. நான் என்ன பதில் சொல்ல? மேலே இருந்து வருவதைத்தான் நான் கொடுக்க முடியும். திட்டு மட்டும் எனக்கு.

சட்டம்_படிப்பவள்

கேபிள்கார அண்ணன் சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். அரசியல் கட்சிகள், மத அமைப்புகள், மாநில அரசுகள், அவற்றின் நிறுவனங்கள் எதுவும் ஒளிபரப்பிலோ கேபிள் விநியோகத்திலோ இருக்கக் கூடாது என்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையம் பரிந்துரைத்திருக்கிறது. 2008-இல் சொன்னது, 2012-இல் சொன்னது, 2014-இல் ஊடக உடைமை பற்றிய அறிக்கையில் மறுபடியும் சொன்னது. எந்த அரசும் சட்டமாக்கவில்லை. எல்லாக் கட்சிக்கும் ஒரு டிவி இருக்கும்போது யார் ஆக்குவார்கள்?

ஒவ்வொரு கட்சியும் தனித்தனியாக டிவி வைத்திருப்பதால் சமநிலை வந்துவிடுகிறது என்று சிலர் சொல்வார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. எல்லாக் கட்சிக்கும் பொதுவாகச் சங்கடம் தரும் விஷயம் என்று ஒன்று இருக்கிறதே. ஆற்று மணல், தாது மணல், இறால் பண்ணை, இரண்டு படகு சேர்ந்து இழுக்கும் இரட்டைமடி. இவற்றில் எந்த டிவிக்கு ஆர்வம் வரும்?

விசைப்படகு_ராமேஸ்வரம்

இரட்டைமடி என்று எடுத்தவுடன் வந்துவிட்டீர்களா? நான் படகு வைத்திருக்கிற குடும்பம். கொஞ்சம் நானும் பேசுகிறேன்.

தமிழ் டிவிக்கு நாங்கள் பலியாடு. ஆங்கிலப் பத்திரிகைக்கு நாங்கள் கடலைச் சுரண்டுகிற வில்லன். இரண்டு பேருக்கும் எங்கள் கணக்கு வேண்டாம். திங்கள், புதன், சனிதான் எங்களுக்குக் கடல். மிச்ச நாள் நாட்டுப்படகுக்கு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம். டோக்கன் போட்டு, டீசல் அடித்து, ஐஸ் ஏற்றிப் போய், வெறும் கையோடு வந்தால் அந்த ஒரு ராத்திரியின் நஷ்டம் யார் தலையில்? வியாபாரியிடம் முன்பணம் வாங்கியிருப்போம், அவன் சொல்கிற விலைக்குத்தான் இறாலைப் போட வேண்டும். இழுவைமடியை எங்கள் தாத்தா கண்டுபிடிக்கவில்லை. அரசாங்கம்தான் மானியம் கொடுத்து, டாலர் வருகிறது என்று சொல்லிக் கொண்டுவந்தது. இப்போது விட்டுவிடு என்றால் எப்படி? 80 லட்சம் படகில் எங்கள் பங்கு, வங்கிக் கடன், ஆழ்கடல் தெரிந்த ஆள், நம் கரையில் அந்தப் படகு கட்ட ஆழம், எதுவும் இல்லாமல்தான் அந்தத் திட்டம் நின்றது. ஒரு சேனலாவது இதைக் கேட்டதா?

முன்னாள்_நிருபர்

தம்பி, நீங்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. ஒன்று மட்டும் கேட்கிறேன், கோபப்படாதீர்கள். கைதாகிறவர்களில் பெரும்பாலானவர்கள் படகு முதலாளிகளா, கூலிக்கு ஏறிப்போகிறவர்களா? மைக்கில் பேசுகிறவர்கள் யார்? நான் எத்தனையோ சங்கப் பேட்டி எடுத்திருக்கிறேன். பேசியவர் எல்லாம் படகு உரிமையாளர். வவுனியா சிறையில் கிடக்கிறவன் மனைவி பின்னால் அழுதுகொண்டு நிற்பாள், அழுகை மட்டும் டிவியில் வரும். “உங்க வீட்டுக்காரருக்கு ஒரு நாளைக்கு எவ்வளவு கூலி? அவர் போக மாட்டேன் என்று சொல்ல முடியுமா?” என்று யாரும் கேட்பதில்லை. அதிகாரம் டெல்லியிலும் சென்னையிலும் மட்டும் இல்லை. படகுத்துறையிலும் இருக்கிறது.

விசைப்படகு_ராமேஸ்வரம்

கூலிக்காரன் என்று பிரித்துப் பேசுவது எங்களை உடைக்கத்தான் உதவும். ஆனால் அந்தப் பெண்களைப் பேசவிட வேண்டும் என்பதில் எனக்கு மறுப்பு இல்லை.

மன்னார்க்கரை

வணக்கம். நான் மறுகரையில் இருந்து வாசிக்கிறேன், மன்னார். இந்த இழையில் எங்கட பக்கத்தைப் பற்றி யாரும் எழுதவில்லை என்பதால் எழுதுகிறேன்.

2009 வரைக்கும் யுத்தத்தால் நாங்கள் கடலுக்குப் போக முடியாமல் இருந்தம். அதுக்குப் பிறகு கடன்பட்டு வலை வாங்கிப் போட்டால், விடிய வலை இருக்காது. இழுவைப்படகு வந்து அள்ளிக்கொண்டு போயிருக்கும். ஒரு வலைத்தொகுதி போனால் ஒரு குடும்பத்துக்கு அந்த வருசமே போச்சு. 2017-இல் எங்கட நாட்டில் இழுவைமடியைச் சட்டத்தால் தடை செய்தார்கள், உள்நாட்டுப் படகுக்கும் சேர்த்து. இதற்காக யாழ்ப்பாணத்தில் எங்கட ஆட்களே போராடித்தான் வந்தார்கள். தமிழ்நாட்டு டிவியில் இது வருமா? தமிழன் வலையைத் தமிழன் அறுக்கிறான் என்று சொல்ல அங்கே எந்தக் கட்சிக்கும் விருப்பமில்லை. கொழும்புப் பத்திரிகைக்கோ எங்கட கோபம் அரசியலுக்கு வசதியாய் இருக்கும்போது மட்டும்தான் நாங்கள் கண்ணுக்குத் தெரிவம்.

கடலோரத்தான், மண்டபம்

அண்ணை, நீங்கள் எழுதியதற்கு நன்றி. இதைத்தான் நான் முதல் பதிவிலேயே சொல்லியிருக்க விரும்பினேன், எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை.

சேதுக் கால்வாய் நேரத்தில் நடந்ததும் இதே மாதிரிதான். 2005 ஜூலையில் மதுரையில் தொடங்கி வைத்தார்கள். ஆடம்ஸ் பாலத்தைத் தோண்டினால் மீன்பாடு என்ன ஆகும், தோண்டிய மண்ணை எங்கே கொட்டுவார்கள், கால்வாயைக் குறுக்கே கடக்க நாட்டுப்படகை விடுவார்களா என்று நம் ஊர்களில் கேட்டார்கள். 2007-இல் அது ராமர் கட்டிய பாலமா இல்லையா என்று மாறியது. அதன் பிறகு ஒரு வருடம் நாடே கத்தியது. நம்மவர்கள் கேட்ட மூன்று கேள்வியும் அந்தச் சத்தத்தில் போனது. கால்வாய்க்கு ஆதரவான டிவிக்கும் எதிரான டிவிக்கும் ராமர் விவாதம்தான் வசதியாக இருந்தது.

பாசிமகள், சின்னப்பாலம்

எங்கள் அம்மா கடல்பாசி எடுக்கிறவர். இந்த இழையில் இதுவரை படகு பற்றித்தான் பேச்சு, அதனால் எழுதுகிறேன்.

மரிக்கொழுந்து, கட்டக்கோரை என்று அந்தந்தப் பருவத்தில் கிடைக்கிற பாசிக்காக, கண்ணாடி மாட்டி, விரலில் துணியைச் சுற்றிக் கட்டிக்கொண்டு, தீவுப் பக்கம் பாறையில் முங்கி முங்கி எடுப்பார்கள். துணி கட்டினாலும் விரல் நுனி வெள்ளையாகிப் பிளந்திருக்கும். சோறு பிசையும்போது உப்பு எரிகிறது என்று கரண்டியில் சாப்பிடுவார் அம்மா. மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் 1986 முதல் கடல்வாழ் உயிரினத் தேசியப் பூங்கா. எங்கே போகலாம், எங்கே போகக் கூடாது என்பதில் வனத்துறையோடு எப்போதும் இழுபறிதான்.

2015-இல் சின்னப்பாலத்துப் பெண் ஒருவருக்கு அமெரிக்காவின் சீகாலஜி அமைப்பின் விருது கிடைத்தது. பாசி எடுப்பதைப் பெண்களே கட்டுப்பாடு வைத்து, நாள் குறித்துச் செய்ததற்காக. எங்களுக்கெல்லாம் எவ்வளவு பெருமை! அப்போது கேமரா வந்தது. அதற்குப் பிறகும் அவ்வப்போது யூடியூப்காரர்கள் வருகிறார்கள். ஒரு முறை அம்மாவை, ஏற்கெனவே கரைக்கு வந்து ஈரத்தோடு நிற்பவரை, மறுபடியும் இறங்கி முங்கச் சொன்னார்கள். படம் சரியாக வரவில்லையாம். அம்மாவும் இறங்கினார். பிறகு மைக்கை நீட்டி, “கடலில் பயமாக இருக்காதா?” என்று கேட்டார்கள். அம்மா பாசி விலையைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். வியாபாரி ஈரம், மண் என்று எடையைக் கழிப்பதைப் பற்றி ஐந்து நிமிடம் பேசினார். வீடியோவில் அது ஒரு வரிகூட இல்லை. பயமாக இருக்காதா என்ற கேள்வியும் அம்மாவின் சிரிப்பும் மட்டும் இருந்தன.

இப்போது வலமாவூரில் 127 கோடியில் கடல்பாசிப் பூங்கா வருகிறது என்கிறார்கள். பேட்டி கொடுத்தவர்கள் அமைச்சர், அதிகாரி, விஞ்ஞானி. பூங்கா வந்தால் முங்கி எடுக்கிறவருக்கு என்ன ஆகும், பாசி வளர்க்கிறவருக்கு மட்டும்தான் எல்லாமா என்று எங்கள் தெருவில் ஒருவருக்கும் தெரியவில்லை.

கீழக்கரையான், துபாய்

தங்கச்சி எழுதியதைப் படித்துவிட்டு என் லாத்தாவுக்கு (அக்காவுக்கு) வாசித்துக் காட்டினேன்.

நான் ஒரு பழைய விஷயம் சொல்கிறேன். 1952-இல் தகவல் ஒலிபரப்பு அமைச்சராக வந்த கேஸ்கர், அகில இந்திய வானொலியில் சினிமாப் பாட்டு வேண்டாம் என்று முடிவு செய்தார். ஜனங்கள் என்ன செய்தார்கள்? இலங்கை வானொலிக்குத் திருப்பினார்கள். நம் கரைக்கு அது பக்கத்து வீட்டுச் சத்தம். எங்கள் வாப்பா கடையில் காலையில் திறந்தால் இரவு மூடும் வரை அதுதான். 1957-இல் விவித பாரதியைத் தொடங்க வேண்டிய கட்டாயம் டெல்லிக்கு வந்ததற்கு இது முக்கிய காரணம். அதிகாரத்தில் இருப்பவர் கதவை மூடினாலும் கேட்கிறவன் வேறு வழி பார்ப்பான்.

ஆனால் இன்றைக்கு அந்த வேறு வழியும் யாரோ ஒருவரின் கடைதான். 2016-இல் ரிலையன்ஸின் ஜியோ வந்து டேட்டா விலையை உடைத்தது. நான் இங்கிருந்து வீட்டோடு தினமும் முகம் பார்த்துப் பேசுகிறேன், அதை நான் குறை சொல்லமாட்டேன். அதே ரிலையன்ஸ் 2014-லேயே நெட்வொர்க்18 ஊடக நிறுவனத்தை எடுத்துக்கொண்டது. 2024 நவம்பரில் டிஸ்னியோடு சேர்ந்த பிறகு விஜய் டிவியும் அந்தக் கூரையின் கீழ். போன் சிக்னல், செய்தி சேனல், சீரியல், கிரிக்கெட் எல்லாம் ஒரே வீடு. யூடியூபோ மீனைப் பிடித்துக் கரையிலேயே குழம்பு வைக்கிற வீடியோவுக்கு லட்சக்கணக்கில் ஆள் சேர்க்கும். கடலரிப்பு வீடியோ போட்டுப் பாருங்கள், ஊர்க்காரர்கள் மட்டும்தான் பார்ப்பார்கள்.

இன்னொன்று. இந்த வழியையும் ஒரே உத்தரவில் மூடலாம். 2018 மே 22 தூத்துக்குடித் துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் செத்ததற்கு மறுநாள், தூத்துக்குடி, நெல்லை, குமரி மூன்று மாவட்டத்திலும் இன்டர்நெட்டை நிறுத்தினார்கள். என் அறையில் தூத்துக்குடிப் பையன் ஒருவன் இருந்தான். வீட்டில் யார் உயிரோடு இருக்கிறார்கள் என்று உறுதியாகத் தெரிந்துகொள்ள அவன் பட்ட பாட்டை நான் பார்த்தேன்.

சட்டம்_படிப்பவள்

கீழக்கரை காக்கா (அண்ணா), வானொலி என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். அலைவரிசை பொதுச் சொத்து, அது அரசாங்கத்தின் தனிச்சொத்தும் இல்லை, முதலாளியின் சொத்தும் இல்லை என்று உச்ச நீதிமன்றம் 1995-இல் சொன்னது. அந்தத் தீர்ப்பின் தொடர்ச்சியாகத்தான் 2002-இல் கல்வி நிறுவனங்களுக்கும் 2006-இல் தொண்டு அமைப்புகளுக்கும் சமுதாய வானொலி (ஒரு வட்டாரத்துக்கென்று நடக்கும் சின்ன வானொலி) உரிமம் வந்தது. பாம்பனில் 2016 ஆகஸ்ட் 15 முதல் கடல் ஓசை 90.4 ஒலிக்கிறது. மீனவருக்கென்றே நடக்கும் வானொலி, நாட்டிலேயே முதலாவது. காற்று, அலை எச்சரிக்கை, மீன் இனங்கள், கடல் பாட்டு எல்லாம் உண்டு.

ஆனால் சட்டப்படி சமுதாய வானொலி சொந்தமாகச் செய்தி சொல்லக் கூடாது. நடப்பு அரசியலும் கூடாது. அகில இந்திய வானொலியின் செய்தியை அப்படியே ஒலிபரப்பலாம். தனியார் பண்பலைக்கும் இதே தடைதான். அதாவது, பாம்பன் வானொலி பாம்பனில் நடந்த கைதைப் பற்றி டெல்லி செய்தி எழுதிக் கொடுத்தால் வாசிக்கலாம், படகுத்துறையில் நின்று தானே சேகரித்துச் சொல்ல முடியாது. டிவிக்கு இந்தத் தடை இல்லை. பத்திரிகைக்கு இல்லை. கோடி ரூபாய் இருந்தால் இருபத்துநாலு மணி நேரமும் செய்தி சொல்லலாம். நூறு வாட் டிரான்ஸ்மிட்டர் வைத்திருக்கிற ஊருக்கு மட்டும் வாய்ப்பூட்டு. இதில் எந்த நியாயமும் எனக்குத் தெரியவில்லை.

செய்தி_டெஸ்க்

பாதுகாப்பு என்று காரணம் சொல்வார்கள், எல்லைக் கடல் என்பதால்.

சட்டம்_படிப்பவள்

எல்லைக் கடலில் இருக்கிறவனுக்குத்தான் தகவல் முதலில் வேண்டும். இன்னொன்றும் கவனியுங்கள். வானிலை, பேரிடர், தண்ணீர், மின்சாரம், வேலைவாய்ப்பு, விளையாட்டு இவையெல்லாம் வானொலி விதிப்படி செய்தியாகக் கணக்கில் வராது. அரசு அறிவிப்பை எடுத்துச் சொல்லலாம், அரசைக் கேள்வி கேட்கும் இடத்தில்தான் கதவு. பணத்துக்கும் விதி உண்டு. விளம்பர நேரத்தை 2024-இல்தான் மணிக்கு 12 நிமிடமாக உயர்த்தினார்கள். அந்த விளம்பரத்திலும் பெரிய பங்கு அரசு விளம்பரம் என்றால், மறுபடியும் முன்னாள் நிருபர் ஐயா சொன்ன பொங்கல் மலர்க் கதைதான்.

கடலோரத்தான், மண்டபம்

அரசு விளம்பரத்தைப் பற்றி ஒன்று. நம் வரிப்பணத்தில் வரும் விளம்பரம் எந்தப் பத்திரிகைக்கு, எந்த சேனலுக்கு எவ்வளவு போனது என்ற கணக்கை மாவட்ட வாரியாக, மாதந்தோறும் அரசு தானாகவே வெளியிட வேண்டும். ஆளும் கட்சி எதுவானாலும். இது கிடைத்தால் எந்தச் செய்தி ஏன் வரவில்லை என்பதில் பாதி தானாகப் புரியும். ஊடகத்தைத் திருத்துகிறோம் என்று பெரிய பேச்சுப் பேசுவதைவிட இதைக் கேட்பது நடக்கிற காரியம்.

முன்னாள்_நிருபர்

அதோடு சுற்றுச்சூழல் அனுமதிக் காகிதங்கள். ஓஎன்ஜிசி விண்ணப்பம் மத்திய அரசின் சுற்றுச்சூழல் அனுமதி இணையதளமான பரிவேஷில் இருந்திருக்கும். படிக்க ஆள் இல்லை. ஆங்கிலத்தில், நூற்றுக்கணக்கான பக்கம். மாவட்டத்தில் எந்த நிருபருக்கு அதைப் படிக்கக் கூலி கொடுக்கிறார்கள்? நம்மில் யாராவது முறை வைத்துப் படித்து, நம் மாவட்டப் பெயர் வந்தால் இங்கே தமிழில் போட முடியுமா?

சட்டம்_படிப்பவள்

நான் செய்கிறேன். மாநில ஆணையத்தின் கூட்டக் குறிப்புகளும் அதில் ஏறும். ராமநாதபுரம் என்று வருகிற ஒவ்வொன்றையும் சுருக்கி இங்கே போடுகிறேன். யாராவது இன்னொருவர் சேர்ந்தால் நல்லது, தேர்வு நேரத்தில் எனக்கு முடியாது.

கேபிள்காரர், பரமக்குடி

அதை அச்சடித்துக் கொடுங்கள். கலெக்‌ஷனுக்குப் போகிற வீடுகளில் கொடுக்கச் சொல்கிறேன். வயரில் போகாதது கையிலாவது போகட்டும்.

விசைப்படகு_ராமேஸ்வரம்

ஆழ்கடல் திட்டத்தில் இதுவரை எத்தனை படகு கட்டினார்கள், எத்தனை பேர் கடன் கட்ட முடியாமல் இருக்கிறார்கள், அந்தக் கணக்கையும் சேர்த்துக் கேளுங்கள். பெயர் போடாமல் பேச எங்கள் பக்கத்தில் ஆட்கள் இருக்கிறார்கள். மன்னார் அண்ணையும் அவர்கள் வலைக் கணக்கை அனுப்பினால் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் போடலாம். எங்கள் ஆட்களில் சிலருக்குப் பிடிக்காது, பரவாயில்லை.

மன்னார்க்கரை

அனுப்புவன். இங்கே சங்கத்தில் கேட்டு எடுக்க வேணும், கொஞ்சம் பொறுங்கோ.

பாசிமகள், சின்னப்பாலம்

பாசிப் பூங்காவில் முங்கி எடுக்கும் பெண்களுக்கு என்ன இடம் என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்க முடியுமா அக்கா? யாருக்கு எழுத வேண்டும்?

சட்டம்_படிப்பவள்

முடியும். வெள்ளைத்தாளில், தமிழிலேயே எழுதலாம். பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்ட வேண்டும். மீன்வளத் துறையின் பொதுத் தகவல் அலுவலர் என்று முகவரியிட்டு, பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டு ரசீதை வைத்துக்கொள். முப்பது நாளுக்குள் பதில் தர வேண்டும். கேள்வியைச் சின்னச் சின்னதாக, எண் போட்டுக் கேள்: திட்ட அறிக்கையின் நகல், பயனாளிகளைத் தேர்ந்தெடுக்கும் விதி, இயற்கைப் பாசி எடுப்பவர்கள் பற்றி அதில் உள்ள பக்கங்கள். “ஏன்” என்று கேட்காதே, அதற்கு அவர்கள் பதில் சொல்ல வேண்டியதில்லை. காகிதத்தைக் கேள்.

பாசிமகள், சின்னப்பாலம்

சரி. அம்மா பெயரிலேயே எழுதுகிறேன். எடை கழிப்பதைப் பற்றியும் ஒரு கேள்வி போடச் சொல்கிறார், அது எந்தத் துறை?

முன்னாள்_நிருபர்

எடை என்றால் தொழிலாளர் துறையின் எடையளவைப் பிரிவு. அதைத் தனி மனுவாக எழுதுங்கள் அம்மா, ஒரே தாளில் இரண்டையும் கலந்தால் ஒருவர் மாற்றி ஒருவரிடம் தள்ளிவிடுவார்கள்.